விஆர் கேம் வாங்குமுன் பார்க்கவேண்டியது: அது உங்களை எப்படி நகர்த்துகிறது?

கேள்வி இது: "சோனியின் பிளேஸ்டேஷன் 5 கேம் கன்சோலில் ஆடுவதற்காக, தலையில் மாட்டும் விஆர் (மெய்நிகர் உலகம்) ஹெட்செட்டான பிஎஸ் விஆர் 2 வாங்கினேன். எல்லோரும் புகழ்கிறார்களே என்று ஒரு துப்பாக்கி கேமைத்தான் முதலில் போட்டேன். பத்தே நிமிடம், தலை சுற்றிக் குமட்டிக்கொண்டு வந்ததால் கழற்றி வைத்துவிட்டேன். இனி எதை வாங்குவது, எந்த வரிசையில் ஆடுவது? மனைவியும் 13 வயது மகனும் ஆட ஆசைப்படுகிறார்கள்."

ஹெட்செட்டை விற்றுவிடலாமா என்ற யோசனை இருந்தால் கொஞ்சம் பொறுங்கள். உங்களுக்கு நடந்தது முதல் நாளில் ரொம்பப் பேருக்கு நடப்பதுதான். அதை வைத்து விஆர் நமக்கு ஒத்துவராது என்று முடிவு கட்டவேண்டாம். கடைசியில் ஆடவேண்டியதை முதலில் ஆடிவிட்டீர்கள், அவ்வளவுதான். சாதாரண கேம் வாங்கும்போது கதை எப்படி, கிராபிக்ஸ் எப்படி, எத்தனை மணி நேரம் ஓடும் என்று பார்ப்போம். விஆரில் இதற்கெல்லாம் முன்னால் ஒன்றைக் கேட்கவேண்டும்: இந்த கேம் என்னை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு எப்படிக் கொண்டுபோகிறது? இதற்குப் பதில் தெரிந்துவிட்டால், அது இன்றைக்கு வாங்கவேண்டியதா, ஒரு மாதம் கழித்து வாங்கவேண்டியதா என்பது தானாகத் தெரிந்துவிடும்.

குமட்டல் ஏன் வருகிறது என்பதைப் புரிந்துகொண்டால் மீதி எல்லாம் எளிது. நம் உட்காதில் சமநிலைக்கென்றே சில உறுப்புகள் இருக்கின்றன. அங்குள்ள அரைவட்டக் குழாய்கள் தலை திரும்புவதை உணர்கின்றன. அதையொட்டி இருக்கும் இரண்டு சிறு பைகள் உடலின் வேகம் கூடுவதையும் குறைவதையும், தலை எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்பதையும் உணர்கின்றன. கன்ட்ரோலரில் கட்டைவிரலால் தள்ளும் சிறு குமிழான ஸ்டிக்கை நீங்கள் முன்னால் தள்ளுகிறீர்கள். கண்ணுக்கு முன்னால் உலகம் விரைந்து வருகிறது, "ஓடுகிறோம்" என்று கண் சொல்கிறது. "இல்லை, உட்கார்ந்திருக்கிறோம்" என்று காது சொல்கிறது. இந்த முரண்பாட்டைத்தான் வயிறு அனுபவிக்கிறது. ஓடும் பேருந்தில் புத்தகம் படிக்கும்போது வரும் குமட்டலும் இதே வகைதான். அங்கே உடல் நகர்கிறது, கண் பார்ப்பது நகரவில்லை. இங்கே தலைகீழ்.

இதில் முக்கியமான ஒரு விஷயம் ஒளிந்திருக்கிறது. மாறாத வேகத்தில் நேர்க்கோட்டில் போவதை உட்காதால் உணரவே முடியாது. வேகம் மாறும்போதும் திரும்பும்போதும்தான் அது விழித்துக்கொள்கிறது. அதனால் ஒரே சீரான வேகத்தில் உங்களை முன்னால் கொண்டுபோகும் கேம்களில் முரண்பாடு மிகக் குறைவு. ஸ்டிக்கைத் தள்ளி ஓடுவது, நிற்பது, பக்கவாட்டில் நகர்வது, எல்லாவற்றுக்கும் மேலாக ஸ்டிக்காலேயே உடலைச் சுழற்றுவது, இவைதான் பெரிய தொந்தரவு. துப்பாக்கி கேம்கள் பெரும்பாலும் இந்த நான்கையும் ஒரே நிமிடத்தில் செய்ய வைப்பவை. உங்களுக்குப் பத்து நிமிடம் தாங்கியதே பெரிய விஷயம்.

சரி, எதில் தொடங்குவது? நான் யாருக்கும் முதலில் சொல்வது 'மாஸ்'. பாலிஆர்க் என்ற சிறிய ஸ்டூடியோ செய்தது. முதலில் 2018-இல் பழைய பிஎஸ் விஆருக்கு வந்தது. 2023 பிப்ரவரியில் விஆர் 2 வெளியானபோது இதுவும் இதன் இரண்டாம் பாகமும் அதற்கேற்ப மெருகேற்றப்பட்டு வந்தன. இதில் நீங்கள் எங்கும் நடப்பதில்லை. ஒரு நூலகத்தில் உட்கார்ந்து புத்தகத்தைத் திறக்கிறீர்கள், அதன் உலகம் உங்கள் முன்னால் ஒரு பொம்மை மேடை மாதிரி விரிகிறது. குவில் என்ற சின்ன எலி அங்கே நிற்கிறாள். ஸ்டிக்கால் அவளை ஓட வைக்கலாம், தாவ வைக்கலாம், வாள் வீச வைக்கலாம். உங்கள் கைகளோ அந்த உலகத்துக்குள் நேராக நீள்கின்றன. அவளால் ஏற முடியாத சுவர் வந்தால், நீங்கள் கையை நீட்டி ஒரு கல்லை இழுத்து அவளுக்குப் படியாக்குகிறீர்கள். எதிரியைப் பிடித்து நகர்த்தி ஒரு பொத்தான் மேல் நிற்க வைக்கிறீர்கள். அவள் அடிபட்டால் தொட்டுக் குணப்படுத்துகிறீர்கள்.

இந்த கேமில் கவனிக்கவேண்டிய இடம் சண்டை இல்லை. ஒரு புதிர் புரியாமல் நீங்கள் விழித்துக்கொண்டிருக்கும்போது குவிலைக் குனிந்து பாருங்கள். அவள் உங்களை நிமிர்ந்து பார்ப்பாள். கைகளால் சைகை காட்டி, எந்தக் கல்லை நகர்த்தவேண்டும் என்று குறிப்புக் கொடுப்பாள். அது அமெரிக்கச் சைகை மொழி. ஒரு புதிரை முடித்ததும் கையை உயர்த்திக் காட்டுவாள், நீங்கள் உங்கள் கையைக் கொண்டுபோய்த் தட்டலாம். ஒரு மரத்தூணுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று தெரியவேண்டுமானால் நாற்காலியிலிருந்து எட்டிப் பார்த்தால் போதும், உண்மையாகவே தெரியும். டிவியில் இதே காட்சியைப் பார்த்தால் அழகான ஒரு கார்ட்டூன் கேம், அதற்கு மேல் ஒன்றுமில்லை. உள்ளே இருந்து பார்க்கும்போது அங்கே ஓர் உயிர் இருப்பதாகத் தோன்றும். விஆர் எதற்காக என்று யாராவது கேட்டால் நான் வாதாட மாட்டேன், இதைப் போட்டு மாட்டிவிட்டுவிடுவேன்.

உடல் அசையாத வகையில் இன்னும் நல்லவை நிறைய இருக்கின்றன. 'டெட்ரிஸ் எஃபெக்ட்: கனெக்டட்' எல்லோரும் அறிந்த அதே கட்டை அடுக்கும் ஆட்டம்தான். ஆனால் ஒவ்வொரு கட்டையைத் திருப்பும்போதும் எழும் ஒலி பின்னணி இசையோடு சேர்ந்துகொள்ளும், உங்களைச் சுற்றி எல்லாப் பக்கமும் ஒளித்துகள்கள் திமிங்கிலங்களாகவும் நட்சத்திரங்களாகவும் நீந்தும். இரவு ஹெட்ஃபோனோடு ஆடிப் பாருங்கள். 'பசிலிங் பிளேசஸ்' ஒரு முப்பரிமாண ஜிக்சா. உண்மையான இடங்களைப் புகைப்படங்களாக எடுத்து, அவற்றிலிருந்து வடிவமாக்கித் துண்டு துண்டாக வெட்டித் தருகிறார்கள். 25 துண்டில் தொடங்கி நூற்றுக்கணக்கான துண்டுகள் வரை ஏற்றிக்கொள்ளலாம். கேம் என்றாலே ஒதுங்கிப்போகிறவர்கள்கூட இதில் உட்கார்ந்தால் எழுந்திருக்க மாட்டார்கள்.

'பீட் சேபர்' தெரியாதவர் குறைவு. தாளத்துக்கு ஏற்பப் பறந்துவரும் பெட்டிகளை இரண்டு ஒளிவாள்களால் வெட்டவேண்டும். நீங்கள் நின்ற இடத்திலேயே நிற்கிறீர்கள், உங்களை நோக்கி வருபவை பெட்டிகள்தான், அதனால் குமட்டல் அபாயம் கிட்டத்தட்ட இல்லை. ஒன்றை மட்டும் தெரிந்துகொண்டு வாங்குங்கள். பிளேஸ்டேஷன் பதிப்புக்குப் புதிய பாடல்கள் தருவதை 2025-இல் நிறுத்திவிட்டார்கள். அதனால் எனக்கு இப்போது 'பிஸ்டல் விப்' மேல்தான் சாய்வு. தாளத்தோடு சுடும் ஆட்டம் அது. மேலே சொன்ன உட்காது ரகசியத்தைச் சரியாகப் பயன்படுத்துகிறது. அது உங்களைச் சீரான வேகத்தில் நேராக முன்னால் நகர்த்திக்கொண்டே போகும், ஸ்டிக்குக்கு வேலையே இல்லை. குண்டு வரும்போது நீங்கள்தான் குனியவேண்டும், சாயவேண்டும். இரண்டு பாட்டு முடிந்தால் தொடை வலிக்கும், தலை சுற்றாது. துப்பாக்கி கேம்தான் வேண்டும் என்ற ஆசை உங்களுக்கு இன்னும் இருந்தால் அதை இப்போதைக்கு இங்கே தீர்த்துக்கொள்ளலாம்.

அடுத்த படி, டெலிபோர்ட் செய்யும் கேம்கள். போகவேண்டிய இடத்தைக் குறி வைத்து பொத்தானை விட்டால் சட்டென்று அங்கே இருப்பீர்கள். நடுவில் நகர்வே கண்ணுக்குத் தெரியாது, அதனால் காதுக்கும் கண்ணுக்கும் சண்டை இல்லை. 'வாக்அபவுட் மினி கோல்ஃப்' இந்த வகையில் ஒரு ரத்தினம். பந்தை அடித்ததும் அது நின்ற இடத்துக்கு டெலிபோர்ட் ஆகலாம். ஒரே ஒரு கன்ட்ரோலர் போதும், பிடித்து ஆட்டினால் மட்டை. பந்து உருளும் விதம் அவ்வளவு நம்பும்படியாக இருப்பதால் ஐந்து நிமிடத்தில் கை தானாக மெதுவாக அடிக்கக் கற்றுக்கொள்ளும். தூரத்து நண்பர்களோடு ஆடவும் இதைவிடப் பொருத்தமானது கிடையாது. அவர்கள் வேறு நிறுவன ஹெட்செட் வைத்திருந்தாலும் சேர்ந்து ஆடலாம். தனியாக விற்கும் கூடுதல் மைதானங்களை ஆடுபவர்களில் ஒருவர் வாங்கியிருந்தாலே மற்றவர்களும் அவரோடு சேர்ந்து அங்கே ஆடலாம். எத்தனையோ பேர் எண்பது மணி நேர பிரம்மாண்ட கேம்களை வாங்கிப் பாதியில் போட்டுவிட்டு, கடைசியில் இதைத்தான் வாரா வாரம் ஆடிக்கொண்டிருக்கிறார்கள்.

'ஹொரைசன் கால் ஆஃப் தி மவுண்டன்' பற்றிக் கட்டாயம் கேட்டிருப்பீர்கள். விஆர் 2-உடன் அதே நாளில் வெளியான சோனியின் சொந்த கேம் அது. டிவியில் ஆடும் ஹொரைசன் மாதிரி திறந்த உலகத்தில் சுற்றித் திரியலாம் என்று நினைத்து வாங்கினால் ஏமாற்றம்தான். இது பெரும்பாலும் மலையேற்றம். ஒரு கையால் பாறை விளிம்பைப் பிடித்து, அடுத்த கையை நீட்டி, உடலை மேலே இழுக்கவேண்டும். இங்கேயும் ஒரு நுணுக்கம் இருக்கிறது. கண்ணுக்குத் தெரியும் நகர்வு உங்கள் கையிழுப்போடு அப்படியே ஒத்துப்போவதால் மூளை அதை ஏற்றுக்கொள்கிறது. ஸ்டிக்கால் ஓடினால் குமட்டும் ஒருவர் இதில் அரைமணி நேரம் ஏறுவார், ஒன்றும் ஆகாது. தரையில் நடக்கவும் இரண்டு கைகளிலும் பொத்தானை அழுத்தியபடி கைகளை வீசி நடக்கும் முறை ஒன்று வைத்திருக்கிறார்கள். அதையே பயன்படுத்துங்கள், ஸ்டிக்குக்கு மாறவேண்டாம். அம்பை முதுகிலிருந்து எடுத்து நாணேற்றி இழுக்கும்போது கன்ட்ரோலரின் டிரிக்கர் பொத்தான் உங்கள் விரலை எதிர்க்கும், இழுக்க இழுக்க இறுகும். அந்த உணர்வுக்காகவே ஒருமுறை ஆடலாம். சண்டைக் களங்கள் ஒரே அச்சில் வார்த்த மாதிரி இருப்பது இதன் குறை. உயரம் என்றாலே உள்ளங்கால் கூசுபவர்கள் விட்டுவிடலாம்.

இதற்கு அடுத்து கார். 'கிரான் டூரிஸ்மோ 7' ஏற்கெனவே உங்களிடம் இருந்தால் விஆருக்குத் தனியாகக் காசு கொடுக்கவேண்டாம், இலவச அப்டேட்டாகத் தந்துவிட்டார்கள். இருவர் திரையைப் பகிர்ந்து ஆடும் முறையைத் தவிர ஏறக்குறைய முழு கேமும் விஆரில் ஓடும். கார் கேம்களில் ஒரு வசதி, உங்களைச் சுற்றிக் காரின் உட்புறம் அசையாமல் இருக்கும். ஸ்டியரிங், கண்ணாடிச் சட்டம், கதவு இவற்றைக் கண் பிடித்துக்கொள்வதால் வெளியே உலகம் ஓடினாலும் கொஞ்சம் நிதானம் கிடைக்கிறது. ஆனாலும் பிரேக்கும் வளைவும் வேகமாற்றம்தானே? எனவே நேர்க்கோடு அதிகமுள்ள தடத்தில், மெதுவான காரில், தனியாக ஓட்டிப் பாருங்கள். சுவரில் மோதித் தட்டாமாலை சுற்றினால் அந்த நொடியே கண்ணை மூடிக்கொள்ளுங்கள், பெரிய உதவி அது. இந்த கேம் விஆரில் நொடிக்கு 60 படங்களைத் தயாரித்து, நடுவே கணித்து நிரப்பி 120 ஆகக் காட்டுகிறது. அதனால் பக்கவாட்டில் வேகமாக ஓடும் வேலி, மரங்களின் விளிம்பு சற்று இரட்டையாகத் தெரியலாம். உங்கள் ஹெட்செட்டில் பழுது என்று நினைக்கவேண்டாம். ஒன்றிரண்டு பந்தயத்தில் கண் அதை மறந்துவிடும். டிவியில் ஆடும்போது வளைவு முடியும் இடத்தை ஊகித்து ஓட்டுகிறோம். இங்கே தலையைத் திருப்பி அந்த இடத்தையே பார்த்துக்கொண்டு ஓட்டலாம். அப்போதுதான் ஒரு பந்தய ஓட்டுநர் ஏன் காரின் மூக்கைப் பார்ப்பதே இல்லை என்பது புரியும்.

இவ்வளவும் ஒழுங்காகக் கடந்த பிறகுதான் ஸ்டிக்கால் நடக்கும் கேம்கள். 'ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ்', 'ரெசிடென்ட் ஈவில் 4' என்ற இரண்டு திகில் கேம்களின் கதை முழுவதும் விஆரில் ஆட முடியும். அசல் பிஎஸ் 5 கேம் இருந்தால் விஆர் பகுதி இலவசம். வெறும் பயம் மட்டுமே இவற்றின் சிறப்பு இல்லை. டிவியில் ஒரு பொத்தானை அழுத்தினால் தோட்டா நிரம்பிவிடும். இங்கே காலியான மேகசினை (தோட்டாக் கூட்டை) விழவிட்டு, இடுப்பிலிருந்து புதியதை எடுத்து, துப்பாக்கிக்குள் செருகி, மேல் ஸ்லைடைப் பின்னால் இழுத்து விடவேண்டும். எதிரில் ஒருவன் கோடரியோடு வந்துகொண்டிருக்கும்போது இதைச் செய்யும் கை நடுங்கும், மேகசின் இலக்கு தவறும். ரெசிடென்ட் ஈவில் 4-க்கு விஆர் டெமோ, அதாவது ஆடிப் பார்க்க ஒரு மாதிரிப் பகுதி, இலவசமாகக் கிடைக்கிறது. அதை இறக்கி இருபது நிமிடம் தாங்குகிறதா என்று பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். 'மெட்ரோ அவேக்கனிங்' இருட்டும் மெதுவான நடையுமாக இருப்பதால், ஓட்டம் பிடிக்காதவர்களுக்குக் கொஞ்சம் இதம். இருவராகச் சேர்ந்து ஆட 'அரிசோனா சன்ஷைன் 2' நன்றாக இருக்கும். விண்வெளியில் சுற்றித் திரியும் 'நோ மேன்ஸ் ஸ்கை' ஆழம் மிகுந்தது, ஆனால் விஆருக்குப் புதியவர்களுக்கு முதல் சில மணி நேரம் பொத்தான் குழப்பமே தீராது. அதைப் பிறகு பார்க்கலாம்.

நீங்கள் ஏற்கெனவே வாங்கிய கேமை மீண்டும் தொடும்போது, உள்ளே நுழைந்ததும் செட்டிங்ஸைத் திறந்து மூன்று விஷயங்களை மாற்றுங்கள். திரும்புவதை 'ஸ்னாப்' என்று வையுங்கள். அப்போது ஸ்டிக்கைத் தட்டினால் உலகம் வழுக்கிச் சுழலாமல், குறிப்பிட்ட கோணத்துக்குச் சட்டென்று மாறும். முதலில் அசிங்கமாகத் தோன்றும், பரவாயில்லை. நகரும்போது பார்வையின் ஓரங்களை இருட்டாக்கும் 'விக்னெட்' என்பதை அதிகபட்சத்தில் வையுங்கள். ஓரப் பார்வையில் ஓடும் காட்சிதான் நகர்வு உணர்வை அதிகம் தூண்டுவதால், அதை மறைத்தாலே பாதி நிம்மதி. நடையில் டெலிபோர்ட் இருந்தால் அதைத் தேர்ந்தெடுங்கள். இல்லாவிட்டால் நடை வேகத்தையாவது குறையுங்கள். பழகப் பழக ஒவ்வொன்றாகத் தளர்த்திக்கொள்ளலாம்.

இன்னொன்றைக் கண்டிப்பாகச் சொல்கிறேன். குமட்டலின் முதல் அறிகுறி தெரிந்ததுமே நிறுத்திவிடுங்கள். வாய் ஊறுவது, நெற்றியில் வியர்ப்பது, காரணமில்லாமல் கொட்டாவி வருவது, இவைதான் அந்த அறிகுறிகள். "இந்தக் கட்டத்தை மட்டும் முடித்துவிடுகிறேன்" என்று பல்லைக் கடித்துக்கொண்டு ஆடினால் பழக்கம் வராது, ஹெட்செட்டைப் பார்த்தாலே வயிறு கலங்கும் அளவுக்கு வெறுப்புதான் வரும். கொஞ்ச நேரம், பல நாள் என்று ஆடினால் பெரும்பாலானவர்களுக்குச் சில வாரங்களில் உடல் பழகிவிடுகிறது. ஒரு மின்விசிறியை முகத்துக்கு நேராக ஓடவிடுங்கள். வியர்வையும் குறையும், லென்ஸில் பனி படிவதும் குறையும், அறையில் எந்தப் பக்கம் பார்த்து நிற்கிறோம் என்பதும் தெரிந்துகொண்டே இருக்கும்.

கேமைக் குறை சொல்லுமுன் ஹெட்செட் சரியாகப் பொருந்தியிருக்கிறதா என்றும் பாருங்கள். பிஎஸ் விஆர் 2-இன் லென்ஸில் நடுப்பகுதிதான் மிகத் தெளிவு, கொஞ்சம் மேலோ கீழோ நழுவினாலும் எழுத்து மங்கும். பின்பட்டை தலையின் அடிப்பகுதியில், பிடரியை ஒட்டி உட்காரவேண்டும். பலர் அதை உச்சந்தலைக்கு நெருக்கமாக மாட்டிவிட்டு மங்கலாக இருக்கிறது என்கிறார்கள். இரு கண்மணிகளுக்கும் இடையிலான தூரம் ஆளுக்கு ஆள் மாறும். ஹெட்செட்டின் மேலே இருக்கும் சிறு சக்கரத்தைத் திருகி அதைச் சரிசெய்யவேண்டும். இதற்கு உதவும் திரை ஒன்று செட்டிங்ஸிலேயே இருக்கிறது, உங்கள் கண் எங்கே இருக்கிறது என்று காட்டும். ஒரே ஹெட்செட்டை வீட்டில் மூன்று பேர் மாற்றி மாற்றிப் போடும்போது ஒவ்வொரு முறையும் இதைச் செய்யவேண்டும். தலைவலிக்குப் பெரும்பாலும் இதுதான் காரணமாக இருக்கும், பழியைக் கேம் சுமக்கும்.

கண்ணைப் பின்தொடரும் கேமராக்கள் இந்த ஹெட்செட்டின் ஒரு சிறப்பு. அதை உண்மையாகவே பயன்படுத்தும் கேம்கள் குறைவு, அவற்றைத் தேடி ஆடுவது நல்லது. 'சினாப்ஸ்' கேமில் ஒரு பெட்டியைக் கண்ணால் பார்த்து டிரிக்கரை அழுத்தினால் அது காற்றில் எழும், கையை வீசினால் எதிரி மேல் போய் விழும். எதைத் தூக்க நினைத்தீர்களோ அதைத்தான் ஏற்கெனவே பார்த்துக்கொண்டிருப்பீர்கள் என்பதால், நினைத்ததும் நடப்பது போல இருக்கும். (இதுவும் ஸ்டிக் நடைதான், பழகிய பிறகு வைத்துக்கொள்ளுங்கள்.) 'பிஃபோர் யுவர் ஐஸ்' முற்றிலும் வேறு. ஒரு மனிதன் தன் வாழ்க்கையைத் திரும்பிப் பார்க்கிறான், நீங்கள் கண் சிமிட்டினால் காலம் முன்னால் தாவிவிடும். அம்மா பேசிக்கொண்டிருக்கும் காட்சியில் இன்னும் கொஞ்சம் இருக்கவேண்டும் என்று கண்ணைத் திறந்தே வைத்திருப்பீர்கள். எரியும். சிமிட்டிவிடுவீர்கள். காட்சி போய்விடும். இரண்டு மணி நேரத்துக்குள் முடியும் கதை. அழ வைக்கும், முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.

இடம் பற்றி அதிகம் கவலை வேண்டாம். உட்கார்ந்தோ நின்றோ ஆட ஒரு மீட்டருக்கு ஒரு மீட்டர் போதும். அறைக்குள் நடந்து ஆடுவதற்கு இரண்டுக்கு இரண்டு மீட்டராவது வேண்டும். பிளேஸ்டேஷனின் இணையக் கடையான ஸ்டோரில் ஒவ்வொரு கேமின் பக்கத்திலும் உட்கார்ந்தா, நின்றா, நடந்தா என்று போட்டிருப்பார்கள், வாங்குமுன் பார்த்துக்கொள்ளுங்கள். அறையில் ஓரளவு வெளிச்சம் இருக்கவேண்டும், இருட்டில் கேமராக்கள் கன்ட்ரோலரைத் தொலைத்துவிடும். சூரிய ஒளி மட்டும் லென்ஸில் நேராகப் படவே கூடாது. லென்ஸ் அதைக் குவித்து உள்ளேயிருக்கும் திரையைப் பொசுக்கிவிடும். ஜன்னலோரம் ஹெட்செட்டைக் கழற்றி வைக்கும் பழக்கத்தை முதல் நாளே விட்டுவிடுங்கள்.

வாங்கும்போது ஏமாறக்கூடிய ஓரிடம் பழைய, புதிய பதிப்புகள். 2016-இல் வந்த முதல் பிஎஸ் விஆரின் கேம்கள் விஆர் 2-இல் ஓடாது. தயாரித்தவர்கள் புதிய ஹெட்செட்டுக்கென்று தனிப் பதிப்பு வெளியிட்டிருந்தால் மட்டுமே ஓடும். சிலர் பழையதை வாங்கியவர்களுக்கு இலவசமாகவே தந்தார்கள், சிலர் மறுபடி விற்கிறார்கள். இந்த விஷயத்தில் எனக்கு உண்மையாகவே வருத்தம் தருவது 'ஆஸ்ட்ரோ பாட் ரெஸ்கியூ மிஷன்'. 2018-இல் வந்த அது, விஆருக்காக உருவான மிகச் சிறந்த குதித்தோடும் கேம், இன்னும் பழைய ஹெட்செட்டிலேயே மாட்டிக்கொண்டிருக்கிறது. 2024-இல் வந்த 'ஆஸ்ட்ரோ பாட்' அருமையான கேம்தான், ஆனால் அதில் விஆர் கிடையாது, பெயரைப் பார்த்து வாங்கிவிடாதீர்கள். அதேபோல விஆர் பட்டியல்களில் முதலிடத்தில் வரும் 'ஹாஃப்-லைஃப்: அலிக்ஸ்' கன்சோலில் வரவில்லை, கணினியில் மட்டும்தான். ஸ்டோர் பக்கத்தில் 'பிஎஸ் விஆர் 2 கட்டாயம்' என்றோ 'விரும்பினால்' என்றோ எழுதியிருக்கும். பெட்டியில் இருக்கும் படத்தை நம்பாமல் அந்த வரியைப் படியுங்கள்.

டெமோ இருந்தால் முதலில் டெமோ. பிளேஸ்டேஷன் ஸ்டோரில் வாங்கிய கேமை 14 நாட்களுக்குள் திருப்பலாம்தான், ஆனால் டவுன்லோடு தொடங்கிவிட்டால் அந்த உரிமை போய்விடும், கேமில் கோளாறு இருந்தால் ஒழிய. அதாவது போட்டுப் பார்த்து ஒத்துவராவிட்டால் திருப்புவது நடக்காது. ஆட்டோ டவுன்லோடை அணைத்துவிட்டு, வாங்கிய அன்றைக்கே அந்த கேமை யாராவது ஆடும் வீடியோ ஒன்றைப் பாருங்கள். அதில் ஆடுபவர் எவ்வளவு அடிக்கடி ஸ்டிக்கால் திரும்புகிறார், ஓடுகிறார் என்று மட்டும் கவனியுங்கள். ஐந்து நிமிட வீடியோ போதும், உங்கள் வயிற்றுக்கு அது சரிப்படுமா என்று சொல்லிவிடலாம். விஆர் கேம்களுக்குத் தள்ளுபடியும் அடிக்கடி வரும். விரும்பியவற்றைக் குறித்துவைத்துக் காத்திருப்பதில் நஷ்டம் ஒன்றுமில்லை. மூன்று கேம்களோடு தொடங்குங்கள், பத்தை ஒரே நாளில் வாங்கிக் குவிக்கவேண்டாம். உங்களுக்கு நான் எடுத்துத் தரும் மூன்று: 'மாஸ்', 'வாக்அபவுட் மினி கோல்ஃப்', 'பிஸ்டல் விப்'.

உங்கள் மனைவிக்கு 'பசிலிங் பிளேசஸ்' அல்லது 'டெட்ரிஸ் எஃபெக்ட்' போட்டுக் கொடுங்கள். கேம் பழக்கம் அவருக்கு இருக்கிறதா என்று நீங்கள் எழுதவில்லை. இல்லாவிட்டால் முதல் முறை ஹெட்செட்டை மாட்டுவதற்கு முன்னாலேயே கன்ட்ரோலரைக் கையில் கொடுத்து, எந்தப் பொத்தான் எங்கே இருக்கிறது என்று தடவிப் பார்க்கச் சொல்லுங்கள். மாட்டிய பிறகு கை தெரியாது, பதற்றம் வரும். பழகுவதற்கு 'ஹொரைசன்' கேமிலேயே படகில் உட்கார்ந்தபடி வேடிக்கை பார்க்கும் ஒரு தனிப் பகுதி இருக்கிறது, புதியவர்களுக்கு விஆர் என்றால் என்ன என்று காட்ட அதுவும் ஏற்றது.

மகன் விஷயத்தில், பிஎஸ் விஆர் 2 பன்னிரண்டு வயதுக்குக் கீழே வேண்டாம் என்பது சோனியின் சொந்த விதி. அவனுக்குப் 13 என்பதால் ஆடலாம். அவனுக்கு 'ஜாப் சிமுலேட்டர்' மிகப் பிடிக்கும். ரோபோக்கள் நடத்தும் ஓர் அருங்காட்சியகத்தில் மனிதர்கள் அந்தக் காலத்தில் எப்படி வேலை பார்த்தார்கள் என்று செய்து காட்டும் கேம். கண்ணில் படும் எதையும் எடுத்து எறியலாம், உடைக்கலாம், தின்னலாம். நின்ற இடத்திலேயே எல்லாம் எட்டும். திகில் கேம்களை அவனுக்கு இப்போது தரவேண்டாம். டிவியில் பார்த்துப் பயப்படாத பிள்ளைகூட, அதே உருவம் ஒரு கை தூரத்தில் தன்னைவிட உயரமாக வந்து நிற்கும்போது நிலைகுலைந்துபோகும். அங்கே முகத்தைத் திருப்பிக்கொண்டாலும் அது பின்னாலிருந்து மூச்சு விடும். வயது மதிப்பீடு டிவிக்காகப் போட்டது என்று வைத்துக்கொண்டு விஆருக்கு ஒரு படி கூட்டிப் பாருங்கள். அவன் ஆடும்போது, உள்ளே அவன் பார்ப்பது டிவியிலும் தெரியும்படி விட்டு வையுங்கள். கால் மணி நேரத்துக்கு ஒருமுறை கழற்றச் சொல்லிக் கண்ணுக்கு ஓய்வு கொடுக்கச் சொல்லுங்கள். தலைவலி என்று சொன்னால் அன்றைக்கு அதோடு முடிந்தது, மறுநாள் ஆடலாம்.